போன் வந்திருக்கு, குடை இருக்கு

பெயர்: மு. சுருளி. பதவி: பகுதிநேரத் தண்ணீர்ப் பணியாளர். பணியின் தன்மை: நாளொன்றுக்கு இரண்டு மணி நேரம், அலுவலகத்தின் நான்கு பானைகளிலும் குடிநீர் நிரப்பி வைத்தல். சிறப்புத் தகுதி: இல்லை. நடத்தை: திருப்தி.

போடிநாயக்கனூரில் ஒரு சின்னத் தபாலாபீசில் பத்தொன்பது வருடம் இருந்துவிட்டு 1987-இல் வெளியே வந்தபோது சுருளியின் கையில் கொடுக்கப்பட்ட சான்றிதழ் இது. இதில் பெயர் மட்டும் சரி. நான்கு பானைகளில் மூன்று அவர் வேலைக்குச் சேருவதற்கு முன்பே உடைந்து போயிருந்தன. நாலாவதை 1971-இல் ஒரு பூனை தள்ளிவிட்டது. அதற்குள் வாசலில் குழாய் வந்துவிட்டதால் யாரும் பூனையைக் கோபிக்கவில்லை. நடத்தை திருப்தி என்பதும் உண்மையாக இருக்கலாம். யாருக்குத் திருப்தி என்று அதில் எழுதவில்லை.

பானை இல்லாத தண்ணீர்க்காரரை வைத்துக்கொண்டு ஓர் ஆபீஸ் என்ன செய்யும்? அவர் கையில் குடையைக் கொடுத்தது.

அந்த நாளில் ஊரில் போன் இருந்த வீடுகளை எண்ணிவிடலாம். ஏலக்காய் மண்டிக்காரர்கள், ரெண்டு டாக்டர்கள், ஒரு சினிமாக் கொட்டகை முதலாளி. மற்றவர்களுக்குப் போன் கிடையாது. ஆனால் போன் வரும். கோட்டயத்திலோ தூத்துக்குடியிலோ பம்பாயிலோ இருக்கிற ஒருவர், "போடியில் இன்ன தெரு, இன்னார் மகன் இன்னார். அவர் வந்தால் பேசுகிறேன், வேறு யாரும் வேண்டாம்" என்று ட்ரங்க் கால் பதிவு செய்வார். இதற்குப் பி.பி. கால் என்று பெயர். செய்தி தபாலாபீசுக்கு வரும். கவுண்டரில் இருந்த சவுகத் அலி ஒரு துண்டுச் சீட்டில் பெயரை எழுதி நீட்டுவார். சுருளி போய் அந்த ஆளைத் தேடிப் பிடித்து, கூட்டிக்கொண்டு வந்து, கதவு சரியாகச் சாத்தாத அந்த மரக்கூண்டுக்குள் நிறுத்துவார். மூன்று நிமிடம் பேச்சு. முடிந்தது.

குடை ஆபீஸ் சொத்து. இருப்புப் பதிவேட்டில் "குடை, கறுப்பு, ஒன்று" என்று அதற்கு ஒரு வரி உண்டு. சுருளிக்கு அதில் வரி இல்லை.

ஆரம்ப காலத்தில் அவருக்கு ஒரு சங்கடம் இருந்தது. ஊர் இன்னும் தந்தி வந்தால் சாவு என்று நினைத்துக்கொண்டிருந்தது. போன் அதைவிட வேகமானது, ஆகவே அதைவிடப் பெரிய சாவு என்பது பொதுவான அபிப்பிராயம். தென்கோடித் தெருவில் காசிமாயன் என்பவர் வீட்டு வாசலில் சுருளி போய் நின்று, "கோட்டயத்துல இருந்து போனு..." என்று வாயெடுத்ததுமே உள்ளேயிருந்து ஒரு கூக்குரல் கிளம்பியது. கோட்டயத்தில் காசிமாயனின் தம்பி டீக்கடை வைத்திருந்தார். காசிமாயன் செருப்பில்லாமல் ஓடினார். அவர் தபாலாபீசுக்குப் போய்ச் சேருவதற்குள் தெருப் பெண்கள் கூடி, தலையை அவிழ்த்து, இறந்தவரின் குணநலன்களை வரிசையாகப் பாட ஆரம்பித்துவிட்டார்கள். ஒருவர் மேளத்துக்குச் சொல்லிவிட சைக்கிளில் போனார். பந்தலுக்குக் குழி தோண்டியாகிவிட்டது.

தம்பி போனில் சொன்னது இவ்வளவுதான்: "அண்ணே, ரெண்டு பலாப்பழம் பஸ்சுல போட்டுவிட்டிருக்கேன். கண்டக்டர்கிட்டக் கேட்டு வாங்கிக்கங்க."

காசிமாயன் திரும்பி வந்தபோது குழிகளுக்கு நடுவே நிற்க வேண்டியிருந்தது. ஊருக்குக் கோபம் தம்பி மேல் வரவில்லை, சுருளி மேல்தான் வந்தது. பலாப்பழம் ஒப்பாரி வைத்தவர்களுக்கே சரியாகப் போயிற்று.

அதன்பிறகு சுருளி தெருமுனையிலிருந்தே, "நல்ல சேதிதான், வாங்க!" என்று குரல் கொடுத்துக்கொண்டு போக ஆரம்பித்தார். சேதி என்னவென்று அவருக்குத் தெரியாது, தெரியவும் முடியாது. கூப்பிடுகிறவர் யார், எந்த ஊர் என்பதோடு சீட்டு முடிந்துவிடும். இருந்தாலும் ஆறேழு மாதம் இந்த ஏற்பாடு நன்றாகவே நடந்தது. ஒருநாள் கருப்பம்மாள் என்ற பெண்ணை அப்படிக் கூப்பிட்டார். மூன்று தெரு தூரமும் அவள் அவரோடு சிரித்துப் பேசிக்கொண்டே வந்தாள். கூண்டுக்குள் போனாள். இறந்தது அவளுடைய அப்பா.

அன்றிலிருந்து சுருளி வாசலில் நின்று நாலே வார்த்தைதான் சொன்னார். "போன் வந்திருக்கு. குடை இருக்கு." வெயிலோ மழையோ, அதே குரல், அதே நடை. வேகமாக நடந்தால் பயப்படுவார்கள், மெதுவாக நடந்தால் ஆறுதல் சொல்ல வந்ததாக நினைப்பார்கள் என்று நடையை ஒரே அளவில் தைத்து வைத்துக்கொண்டார்.

அவர் ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை என்பதற்கு ஊரில் பல காரணங்கள் உண்டு. சவுகத் அலி சொன்ன காரணம் நம்பத் தகுந்தது. இரண்டு இடத்தில் பெண் பார்க்கப் போனார். இரண்டு இடத்திலும் அவரை வாசலில் பார்த்ததுமே பெண்வீட்டார் அழுதுவிட்டார்கள். சொந்த ஊர் பொட்டிபுரம். அங்கும் யாரும் மிச்சமில்லை. மாவு மில்லுக்குப் பின்னால் ஒற்றை அறையில் தனியாகப் பொங்கித் தின்றார். ஊரில் பாதிப் பேருடைய மிக முக்கியமான ஐந்து நிமிடத்தில் அவர் கூட இருந்திருக்கிறார். ஒருவர்கூட அவரைச் சாப்பிடக் கூப்பிட்டதில்லை. நேற்று தன் முன்னால் அழுத ஆளை இன்று கடைத்தெருவில் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டு வெண்டைக்காய் பொறுக்குவார்கள். அவரும் பார்க்காத மாதிரி போய்விடுவார். இதுவும் ஒரு மரியாதைதான்.

வெயில் நாளில் போன் பேசி முடித்தவர்கள் அவரவர் பாட்டுக்குப் போய்விடுவார்கள். மழை நாளில் திரும்பவும் வீடுவரை குடையில் கொண்டுபோய் விட வேண்டும். ஆகவே வெயிலில் அவருக்குக் கதையின் முதல் பாதிதான் கிடைக்கும். என்ன சேதியோ, ஏது சேதியோ என்கிற பாதி. மழை பெய்தால் முழுக்கதையும் கிடைக்கும். சுருளி வானத்தைப் பார்த்துக்கொண்டே இருப்பதைக் கண்டவர்கள், அவர் நிலம் நீச்சு உள்ளவர் போலிருக்கிறது என்று நினைத்தார்கள்.

போடியில் மழை கொஞ்சம் குழப்பமான விஷயம். ஆனி, ஆடியில் மேலே மலையில் ஓயாமல் கொட்டும். கீழே ஊரில் காற்றும் புழுதியும் நாலு துளிச் சாரலும்தான். மேகம் நடுவில் வந்து படுத்துக்கொள்ளும். மேலே மெட்டில், அதாவது மலைக்கணவாயில், நிற்பவருக்கு ஊர் இருக்கிறதா என்று தெரியாது, ஊரில் நிற்பவருக்கு மெட்டு இருக்கிறதா என்று தெரியாது. ஐப்பசியில்தான் மேலும் கீழும் ஒன்றாகப் பெய்யும். அப்போது ஊர் தன் எடையை இழந்துவிடும். கடைவீதியில் ஆட்கள் இருக்க மாட்டார்கள், குடைகள் மட்டும் போகும் வரும். மண்டிகளின் கதவிடுக்கிலிருந்து ஏலக்காய் வாசனை வெளியே வந்து, மேலே கிளம்ப முடியாமல், தெருத் தண்ணீரோடு முழங்கால் உயரத்தில் மிதக்கும். எந்த வீட்டிலும் பாயசம் இல்லாமல் ஊர் முழுக்கப் பாயசம் மணக்கும். அதற்குள் சுருளி, இடது கையில் குடையைப் பிடித்து, முக்கால்வாசியை வந்தவர் பக்கம் சாய்த்து, அளந்து வைத்த நடையில் போய்க்கொண்டிருப்பார். அவருடைய சட்டைகள் எல்லாமே வலது தோளில் மட்டும் வெளுத்திருந்தன.

1978 ஐப்பசியில் பாண்டியம்மாள் பல் பிடுங்க மலையிலிருந்து இறங்கி வந்தாள்.

மெட்டுக்கு அந்தப் பக்கம் ஓர் ஏலத்தோட்டத்தில் வேலை. பச்சைக் காயைச் சூட்டில் உலர்த்துகிற கட்டடத்தை மலையில் ஸ்டோர் என்பார்கள். அங்கே தட்டுகளில் காயைப் பரப்புவது அவள் பொறுப்பு. புருசன் இறந்து எட்டு வருடம். தோட்டத்து ஆட்கள் குடியிருக்கும் லயத்தில் ஒற்றை அறை. காலை ஜீப்பில் வந்து, பல்லைப் பிடுங்கிக்கொண்டு, சாயங்கால ஜீப்பில் திரும்புவதாகத் திட்டம். மதியம் மலைரோட்டில் மண் சரிந்து விழுந்தது. ஜீப்புகள் தார்ப்பாயை இறக்கிவிட்டு ஸ்டாண்டில் நின்றுவிட்டன. ஸ்டாண்டுக்குப் பின்னால் தூரத்துச் சொந்தக்காரர் வீட்டில், வீங்கிய கன்னத்தோடு தங்கினாள்.

அப்போதுதான் இடுப்பில் ஸ்டோர் சாவி இருப்பதைக் கண்டாள். மேலே பறித்த காய் மூட்டை மூட்டையாக வெளியே கிடந்தது. சூடு காட்டாவிட்டால் பச்சை போய், வெளுத்து, வெடித்துவிடும். பூட்டை உடைக்கலாம். ஆனால் உடைக்க மதுரையிலிருந்த முதலாளியின் உத்தரவு வேண்டும். மதுரை லைன் மழையில் போய்விட்டது. தோட்டத்துக் கணக்கர் குட்டப்பன் உத்தரவில்லாமல் தும்மாதவர். ஆகவே அவர், விட்டு விட்டு உயிர் பெறும் போடி லைனைப் பிடித்து, பாண்டியம்மாளைக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார். மூன்று நாளில் ஐந்து தடவை.

முதல் தடவை சுருளி வாசலில் நின்று தன் நாலு வார்த்தையைச் சொன்னார். அவள் அழவில்லை. வாய் திறக்க முடியாததால் கையால் "எங்கே?" என்று கேட்டாள். தபாலாபீஸ்வரை குடைக்குள் வந்தாள். கூண்டுக்குள் நடந்தது ஆபீஸ் முழுக்கக் கேட்டது. ரிசீவரிலிருந்து குட்டப்பன் குரல் தெருவுக்கே வந்தது.

"பாண்டியம்மே! தாக்கோல் எவிடே?"

"ம்ம்."

"சாவி! ஸ்டோர் சாவி! நின்றெ கையிலாணோ?"

"ம்ம்ம்."

மழையில் நனைந்த கம்பிகளில் பேச்சுகள் ஒன்றோடொன்று கலந்துவிடுவது வழக்கம். நடுவே யாரோ ஒருவர், "கடலைப் புண்ணாக்கு நாலு மூட்டை போதும்" என்றார் நிதானமாக.

"புண்ணாக்கு வேண்டா! தாக்கோல்!" என்று குட்டப்பன் அலறினார்.

மூன்று நிமிடம் முடிந்தது. வெளியே வந்த பாண்டியம்மாள் சிரிக்கவும் முடியாமல், அடக்கவும் முடியாமல், கன்னத்தைப் பிடித்துக்கொண்டு தூணில் சாய்ந்தாள். சவுகத் அலி ஸ்டாம்பு ஒட்டுவது போலக் குனிந்துகொண்டார். சுருளி சிரித்தார். ஆபீசில் அவர் சிரித்து அதற்கு முன் யாரும் பார்த்ததில்லை.

மூன்றாவது நடையில் வீக்கம் வடிந்து அவளுக்குப் பேச்சு வந்துவிட்டது.

"அண்ணே, குடை எம் பக்கம் முக்காவாசி இருக்கு."

"எப்பவும் அப்படித்தாம்மா."

"நீங்க என்ன, பாதி ஆளா நனையறதுக்கு நேந்துக்கிட்டீங்களா? நடுவுல புடிங்க."

நடுவில் பிடித்தார். அன்று இருவரும் சரிபாதி நனைந்தார்கள்.

"அண்ணே" என்பதை வைத்து யாரும் எதையும் முடிவு செய்துவிட வேண்டாம். எங்கள் பக்கத்தில் அது உறவுமுறை அல்ல, மூச்சு விடுகிற இடம்.

நாலாவது நடையில் அவள் சொன்னாள்: "மேல மழை புடிச்சா பத்து நாளைக்கு ஆளு மொகம் பாக்க முடியாதுண்ணே. மேகம் ரூமுக்குள்ள வந்து உக்காந்துக்கிரும். விருந்தாளி மாதிரி. போன்னு சொல்லவும் முடியாது, சோறு போடவும் முடியாது."

"இங்க ஆளு மொகம் நெறைய இருக்கு," என்றார் சுருளி. "என்னையப் பாத்ததும் அழுவாங்க."

பலாப்பழக் கதையைச் சொன்னார். பெண் பார்க்கப் போன கதையையும் சொன்னார். அதை அவர் வேறு யாரிடமும் சொன்னதில்லை; சவுகத் அலிக்குத் தெரிந்தது வேறு வழியில். அவள் பல்குழியைக் கையால் அமுக்கிக்கொண்டு, "யாத்தே, சிரிக்க வைக்காதீங்க, ரத்தம் வருது" என்றாள். மண்டி வாசலைத் தாண்டும்போது கேட்டாள்.

"ஏண்ணே, எல்லாரையும் நீங்க போயிக் கூப்புடுறீங்க. உங்களுக்குப் போனு வந்தா, உங்களை யாரு போயிக் கூப்புடுவா?"

அவர் அதை யோசித்ததில்லை. மறுநாள் வரை யோசித்தார்.

மூன்றாம் நாள் சரிவுவரை ஜீப்பு போகும், சேற்றை நடந்து தாண்டினால் அந்தப் பக்கம் வேறு ஜீப்பு நிற்கும் என்றார்கள். ஐந்தாவது போனில் குட்டப்பனுக்குக் கத்திக் கத்தித் தொண்டை கட்டி, குரலுக்குப் பதில் காற்றுதான் வந்தது. போன் முடிந்து ஜீப் ஸ்டாண்டுவரை சுருளி குடையில் கொண்டுபோய் விட்டார். ஜீப்பில் ஏற்கெனவே பதினாறு பேர். அவள் பதினேழாவதாக ஒரு காலை உள்ளே வைத்துக்கொண்டு திரும்பினாள்.

"ஒரு நா மெட்டுல இருந்து உங்களுக்குப் போனு போடுறேன். மழை பெய்யிறப்ப."

"என்னம்மா பேசுவ?"

"கீழ மழை பெய்யுதான்னு கேப்பேன்."

"அதுக்கு எதுக்குப் போனு?"

"மேல இருந்து பாத்தா தெரியாதுல்லண்ணே," என்றாள். டிரைவர், "பேச்சைப் பொறவு பேசுங்க ஆத்தா, வெரசா ஏறுங்க" என்றார். ஜீப்பு போய்விட்டது. மேலே காயில் பாதி வெளுத்துப் போயிருந்ததாகவும், குட்டப்பன் அவளை மலையாளத்தில் முழுசாகவும் தமிழில் பாதியாகவும் திட்டியதாகவும் பிறகு ஜீப்புக்காரர்கள் சொன்னார்கள்.

"மாப்ளே," என்றார் சுருளி மறுநாள் சவுகத் அலியிடம். "எனக்கு ஒரு போனு வரும்."

"எப்ப மாமா?"

"மழை பெய்யிறப்ப."

சவுகத் அலி அவரை ஏற இறங்கப் பார்த்தார். "தேதி குறிச்சிக்கிறேன்," என்றார்.

அடுத்த மழைக்காலத்தில் சுருளியின் நடை மாறியது. ஆட்களை வீட்டில் விட்டுவிட்டு ஆபீசுக்கு ஓட்டமும் நடையுமாகத் திரும்பினார். அவர் வேகமாகப் போவதைப் பார்த்து மேலத்தெருவில் இரண்டு வீட்டில் காரணமில்லாமல் அழுதுவிட்டார்கள். பழைய நடைக்கே திரும்ப வேண்டியதாயிற்று. ஆனால் மழை நாளில் மதியச் சாப்பாட்டுக்கு அறைக்குப் போவதை நிறுத்திவிட்டார். தூக்குச்சட்டியில் கொண்டுவந்து, கூண்டுக்கு எதிரே பெஞ்சியில் உட்கார்ந்து தின்றார்.

கடிதம் எழுதலாமே என்றால், பாண்டியம்மாளுக்கு எழுதத் தெரியாது. ஜீப்பில் ஏறினால் ரெண்டு மணி நேரத்தில் தோட்டம். சவுகத் அலி இதைப் பல தடவை எடுத்துச் சொன்னார்.

"கூப்புடாம எப்படிப் போறது மாப்ளே?" என்பார் சுருளி.

வருடக்கணக்காக ஆட்களைக் கூப்பிட்டே பழகிய மனிதருக்கு, கூப்பிடாத இடத்துக்குக் கால் எழவில்லை. இப்படி ஐந்து வருடம் போயிற்று. அவள் ஏன் கூப்பிடவில்லை என்பதற்கும் காரணம் பெரிதாக இருக்க வேண்டியதில்லை. மழை பெய்தால் மலை லைன் முதலில் போகும். மழை பெய்யாவிட்டால் கேட்பதற்கு ஒன்றும் இல்லை.

1983 ஐப்பசியில் மூன்று நாள் விடாத மழை. மலை லைன் போய், மூன்றாம் நாள் மதியம் மூன்று மணிக்குக் கொரகொரவென்று உயிர் வந்தது. சவுகத் அலி ரிசீவரை வைத்துவிட்டுச் சீட்டில் பெயரை எழுதினார். எழுதியதைப் பார்த்தார். மெதுவாக நீட்டினார்.

"மாமா, ஒரு ஆளைக் கூட்டியாரணும்."

சுருளி குடையை எடுத்துக்கொண்டுதான் சீட்டை வாங்கினார். சீட்டில் சுருளி என்று இருந்தது.

"மெட்டுல இருந்து. பாண்டியம்மா," என்றார் சவுகத் அலி. "இன்னும் பத்து நிமிசத்துல லைன் குடுக்கறாங்களாம். போங்க, போயி ஆளைத் தேடிக் கூட்டியாங்க."

சுருளி குடையை மூலையில் சாத்தினார். பெஞ்சியில் உட்கார்ந்தார். சட்டையின் மேல் பொத்தானைப் போட்டார். பிறகு கழற்றினார். வெளியே மழை ஒரே சீராக விழுந்துகொண்டிருந்தது. பாயச வாசனை படியேறி உள்ளே வந்திருந்தது.

"என்ன பேசறது மாப்ளே?"

"அவங்க கேப்பாங்க. நீங்க சொல்லுங்க."

நாலு நிமிடம் போயிருக்கும். மறுபடி மணி அடித்தது. சவுகத் அலி கேட்டுக்கொண்டு, எழுதாமல் வைத்தார்.

"யாருக்கு?" என்றார் சுருளி.

"ஒண்ணுமில்ல."

"யாருக்கு மாப்ளே?"

"ராக்கையாவுக்கு. தூத்துக்குடியில இருந்து."

ராக்கையா மூன்று ஜீப்புக்குச் சொந்தக்காரர். வாரம் ஒரு போன் வரும். டயர், டீசல், ஸ்பேர் பார்ட்ஸ். குடையை வாங்கித் தானே பிடித்துக்கொண்டு ஓர் எட்டு முன்னால் நடப்பார். சுருளி பின்னால் நனைந்துகொண்டு வருவார். வீடு ஊரின் மேற்குக் கடைசி. சுருளியின் நடைக்குப் போகப் பன்னிரண்டு நிமிடம், வரப் பன்னிரண்டு நிமிடம்.

"ஆளு ஊர்ல இல்லேன்னு சொல்லிர்றேன்," என்றார் சவுகத் அலி.

"காலையில ஸ்டாண்டுல பாத்தனே."

"நீங்க பாத்தீங்க. நான் பாக்கல."

"என்ன சேதியோ."

"டயரு மாமா! சத்தியமா டயருதான். அந்தாளுக்கு வேற என்ன வரும்?"

"கருப்பம்மாகிட்ட நானும் இப்படித்தான் சத்தியமாச் சொன்னேன்," என்றார் சுருளி. "மூணு தெரு சிரிச்சுக்கிட்டே வந்துச்சு."

சவுகத் அலி கூண்டைப் பார்த்தார், கடிகாரத்தைப் பார்த்தார். "நீங்க திரும்பி வர்ற வரைக்கும் மெட்டு லைன் நிக்காது. அஞ்சு வருசம் மாமா."

"தெரியும்."

"நான் வேணா..." என்று எழுந்தார். கவுண்டரில் நான்கு பேர் நின்றார்கள். உட்கார்ந்தார். "அவங்க கேட்டா என்ன சொல்ல?"

சுருளி வாசலில் நின்று குடையை உதறி விரித்தார். "ஆள் கூப்புடப் போயிருக்காருன்னு சொல்லு. மழை பெய்யுதான்னு கேப்பா. பெய்யுதுன்னு சொல்லு."

பி.பி. காலில் குறித்த ஆள் இல்லையென்றால் இல்லை என்று சொல்லி வைத்துவிட வேண்டும். சேதி கடத்தக் கூடாது. சவுகத் அலி விதிப்படி நடப்பவர். ஓய்வு பெறும்வரை ஒரு நாள்தான் தவறினார். அன்று நடந்த பேச்சு அவர் வாயால் சொன்னபடி:

"அண்ணே இல்லையா? எங்க போயிருக்காரு?"

"ஆள் கூப்புட, ராக்கையா வீட்டுக்கு."

"குடை கொண்டுக்கிட்டுப் போனாரா?"

"போனாரு."

"கீழ மழை பெய்யுதா?"

"பெய்யுதும்மா."

"இங்கயும்," என்றாள். அதற்குப் பிறகு யாரோ ஒருவர் குறுக்கே வந்து சிமெண்டு மூட்டையைப் பற்றிப் பேசினார். பிறகு அதுவும் இல்லை.

ராக்கையாவுக்கு வந்த சேதி: டயர் வந்துவிட்டது, லோடு ஏற்றியாகிவிட்டது. அவர் உற்சாகமாகக் குடையை வாங்கிக்கொண்டு முன்னால் நடந்தார். அவரை வீட்டில் விட்டுவிட்டுச் சுருளி திரும்பி வந்தபோது ஆபீஸ் மூடுகிற நேரம். சவுகத் அலி நடந்ததை வார்த்தை மாறாமல் சொன்னார். சுருளி இன்னொரு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டார்.

மழையில் அடைபட்டிருந்த மலைரோடு ஒன்பதாம் நாள் திறந்தது. ஞாயிற்றுக்கிழமை அவர் ஆபீஸ் குடையோடு ஜீப்பில் ஏறினார். "என்ன மாமா, கூப்புடாம போறீங்க?" என்று சவுகத் அலி ஸ்டாண்டில் நின்று கேட்டார். "அதான் போனு வந்துச்சே," என்றார் சுருளி. மேலே ஸ்டோர் வாசலில் இரண்டு பேரும் உட்கார்ந்து மேகம் உள்ளே வருவதையும் போவதையும் பார்த்துக்கொண்டிருந்ததாகக் குட்டப்பன் சொல்லியிருக்கிறார். சாயங்கால ஜீப்பில் சுருளி இறங்கிவிட்டார். கல்யாணம் உண்டா என்று கேட்பவர்களுக்கு: இல்லை. அவள் மலையில் ஒற்றை அறையில் இருந்தாள், இவர் மாவு மில்லுக்குப் பின்னால் இருந்தார். மறுபடி போனது பற்றி ஜீப்புக்காரர்கள் ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் 1983-க்குப் பிறகு எடுத்த அவருடைய சட்டைகளில் இரண்டு தோளும் ஒரே மாதிரி வெளுத்திருந்தன என்று சவுகத் அலி சாதிப்பார். எனக்கு அதில் சந்தேகம் உண்டு.

வேலையிலிருந்து வெளியே வந்தபோது கொடுத்த சான்றிதழை அவர் மடித்துப் பெட்டியில் வைத்துக்கொண்டார். பானையைப் பற்றி யாரிடமும் மறுப்புச் சொல்லவில்லை. குடையைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட்டுத் திருப்பிக் கொடுத்தார்.

சான்றிதழில் எழுதாமல் விட்டது: 1983 ஐப்பசியில் ஒரு மதியம், மழை பெய்துகொண்டிருந்தபோது, தனக்கு வரவிருந்த போனை விட்டுவிட்டு, சுருளி மேற்குக் கடைசிவரை நடந்து போய் ராக்கையாவைக் கூட்டிக்கொண்டு வந்தார்.